எர்ஸ்கின் சில்டர்ஸை வாசிப்பது எப்படி: வரைபடமும் ஓதக் கணக்கும்

எர்ஸ்கின் சில்டர்ஸ் எழுதி 1903-இல் வெளிவந்த ‘தி ரிடில் ஆஃப் தி சேண்ட்ஸ்’ என்ற உளவு நாவலைப் பாதியில் கீழே வைத்தவர்கள் பலர். பெரும்பாலும் காரணம் ஒன்றுதான்: வரைபடம் இல்லாமல் வாசித்திருப்பார்கள். ஜெர்மனியின் வடகடல் கரையோரம், ஃப்ரீசியத் தீவுகளுக்குப் பின்னால் உள்ள மணல் திட்டுகள்தான் இந்தக் கதையின் களம். அங்கே ஒரு நாளில் இருமுறை கடல் தரையாகிறது, தரை கடலாகிறது. அந்தக் கணக்கு பிடிபட்டால் கதையின் ஒவ்வொரு திருப்பமும் விளங்கும்.

முதலில் பிரதி. நாவலோடு இரண்டு நில வரைபடங்களும் இரண்டு கடல் வரைபடங்களும் அச்சாகின. இவை நான்கும் தெளிவாக இருக்கும் பதிப்பையே எடுங்கள். சில மின்நூல்களில் இவை விடுபட்டிருக்கும், அல்லது பெயர்களைப் படிக்க முடியாதபடி சுருங்கியிருக்கும். இன்றைய இணைய வரைபடத்தை மட்டும் நம்புவதும் சரிவராது. அந்தத் திட்டுகளும் கால்வாய்களும் இடம் மாறிக்கொண்டே இருப்பவை. ஊர்களை அதில் பார்க்கலாம், மணலைப் பார்க்கக் கூடாது.

அடுத்து, ஏ3 தாளில் நீங்களே இரண்டு படம் வரைந்துகொள்ளுங்கள். முதல் தாளில் 1 செ.மீ.க்கு 4 கி.மீ. என்று வைத்தால், போர்கும் தீவிலிருந்து எல்பே ஆற்று முகத்துவாரத்தின் குக்ஸ்ஹாஃபன் வரை அடங்கிவிடும். மேற்கிலிருந்து கிழக்காக போர்கும், யூயிஸ்ட், நோர்டர்னாய், பால்ட்ரும், லாங்கேயோக், ஷ்பீகரோக், வாங்கரோக் என ஏழு தீவுகளையும் குறியுங்கள். இரண்டாவது தாள் யூயிஸ்ட், நோர்டர்னாய், மெம்மர்ட் மணல் திட்டு ஆகிய பகுதிக்கு மட்டும், 1 செ.மீ.க்கு 1 கி.மீ. போதும். நாவலின் கடல் பயணங்களில் மைல் என்று வருவது பெரும்பாலும் கடல் மைல், அதாவது 1.852 கி.மீ. ஆழத்தை அளக்கும் ஃபாதம் என்பது 6 அடி. இந்த இரண்டையும் தாளின் ஓரத்தில் எழுதிவையுங்கள்.

இனி ஓதம், அதாவது கடல் நீர் ஏறி வற்றுவது. ஒரு ஏற்றத்துக்கும் அடுத்த ஏற்றத்துக்கும் இடையே சுமார் 12 மணி 25 நிமிடம். அதில் பாதி நேரம் ஏறும், பாதி வற்றும். ஆனால் தண்ணீர் சீராக இறங்குவதில்லை. மொத்த இறக்கத்தைப் பன்னிரண்டு பங்காக்கினால் மணிக்கு மணி 1, 2, 3, 3, 2, 1 பங்கு என்று குறையும். இறக்கம் 2.4 மீட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். முதல் மணியில் 20 செ.மீ.தான் போகும், மூன்றாம் மணியிலும் நான்காம் மணியிலும் 60 செ.மீ. வீதம் போய்விடும். “இன்னும் நேரம் இருக்கிறது” என்று நினைத்த படகு தரைதட்டுவது அந்த இரண்டு மணி நேரத்தில்தான்.

தீவின் பின்புறம் ஏன் ஆபத்தானது? ஓதம் தீவின் இரு முனைகளாலும் உள்ளே புகுந்து நடுவில் சந்திக்கிறது. சந்திக்கும் இடத்தில் வேகம் இழந்து, சுமந்து வந்த மண்ணை இறக்கிவிடுகிறது. அதனால் அங்கே ஒரு மேடு எழும்புகிறது. முதலில் காய்வதும் கடைசியில் மூழ்குவதும் அதுதான். அந்த மேட்டை ஏறும் தண்ணீரில்தான் கடக்க வேண்டும். தட்டினாலும் சற்று நேரத்தில் தண்ணீரே தூக்கிவிடும். வற்றும்போது தட்டினால் அடுத்த ஏற்றம் வரை இருந்த இடத்திலேயே கிடக்க வேண்டியதுதான். பௌர்ணமி, அமாவாசையை ஒட்டிய பெரிய ஏற்றத்தின் உச்சியில் தட்டினால் நிலைமை இன்னும் மோசம். அடுத்தடுத்த ஏற்றங்கள் அந்த உயரத்தை எட்டாமல் போனால் இரண்டு வாரம்கூடக் காத்திருக்க நேரலாம்.

முதல் பத்து அத்தியாயங்கள் பெரும்பாலும் பால்டிக் கடலிலும் கீல் கால்வாயிலும் நடக்கின்றன. பால்டிக்கில் ஓதம் பெயரளவுக்குத்தான், ஆகவே தாள்கள் ஓரமாக இருக்கட்டும். ஆனால் ஏழாம் அத்தியாயத்தில் படகின் சொந்தக்காரன் டேவிஸ் தன் நண்பன் கரதர்ஸிடம் பழைய அனுபவத்தைச் சொல்லும்போது முதல் தாளை விரித்துவிடுங்கள். பதினொன்றாம் அத்தியாயம் முதல் அது கையிலேயே இருக்க வேண்டும். இருபத்தொன்றாம் அத்தியாயத்துக்கு இரண்டாம் தாளும் பென்சிலும் தேவை: மூடுபனியில் சிறு படகில், காம்பஸும் கடிகாரமும் ஆழம் பார்க்க ஒரு கம்புமாக நோர்டர்னாயிலிருந்து மெம்மர்ட்டுக்கு இருவரும் துடுப்புப் படகில் போகிறார்கள். அவர்கள் திரும்பும் ஒவ்வொரு இடத்திலும் ஒரு கோடு இழுத்தபடி படியுங்கள். கடல் சாகசக் கதைகளில் இவ்வளவு துல்லியமான அத்தியாயம் அபூர்வம்.

சில்டர்ஸின் கடற்படை வாதத்தைத் தேடுபவர்கள் பதின்மூன்றாம் அத்தியாயத்தை இருமுறை வாசிக்கலாம். பிரிட்டனின் பெரிய தளங்கள் பிரான்சைப் பார்த்தபடி இருந்தன, வடகடல் பக்கம் பலவீனமாக இருந்தது. சிறு படகோட்டிகளின் உள்ளூர் அறிவு போரில் பயன்படும் என்பது அவர் வாதம். அது வெறும் கற்பனையிலிருந்து வந்ததல்ல. 1897-இல் ‘விக்சன்’ என்ற சிறு படகில் அவரே இந்தத் தீவுகளுக்கிடையே போய்வந்தவர். நூலின் பின்குறிப்பை முதலில் புரட்டாதீர்கள், முடிச்சு அவிழ்ந்துவிடும். பிற்காலப் பதிப்புகளின் முன்னுரைக்கும் இதே எச்சரிக்கைதான்.

அடுத்து 1910-இல் வந்த ‘வார் அண்ட் தி ஆர்ம் பிளான்ஷ்’. துப்பாக்கிக் காலத்தில் வாளும் ஈட்டியும் ஏந்திய குதிரைப்படை எதற்கு என்று கேட்கும் நூல். பிறகு 1911-இன் ‘தி ஃப்ரேம்வர்க் ஆஃப் ஹோம் ரூல்’. பிரிட்டிஷ் பேரரசின் பாதுகாப்புக்காக எழுதியவர் அயர்லாந்தின் தன்னாட்சிக்கு வாதாடும் இடத்துக்கு நகர்ந்ததை இதில் பார்க்கலாம். 1914 ஜூலையில் ‘அஸ்கார்ட்’ என்ற தன் பாய்மரப் படகிலேயே, டப்ளின் அருகே உள்ள ஹவுத் துறைமுகத்துக்கு ஐரிஷ் தொண்டர் படைக்காக 900 துப்பாக்கிகளைக் கொண்டு சேர்த்தார். ஐரிஷ் உள்நாட்டுப் போரின்போது, 1922 நவம்பர் 24-இல், அயர்லாந்தின் தற்காலிக அரசு அவருக்கு மரண தண்டனை விதித்துச் சுட்டுக் கொன்றது. அந்தப் படகு இன்று டப்ளினில், காலின்ஸ் பாராக்ஸ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.