அவமதிப்பு மனு தாக்கல் செய்வதற்கு முன்

உயர் நீதிமன்றத்தில் சாதகமான உத்தரவு பெற்றவர்களில் பலர், அதில் குறித்த கெடு முடிந்த மறுநாளே, உத்தரவை நிறைவேற்றாத அதிகாரி மீது நீதிமன்ற அவமதிப்பு மனு போடத் துடிக்கிறார்கள். அதற்கு முன் உத்தரவின் கடைசிப் பத்தியை ஒருமுறை நிதானமாக வாசிக்க வேண்டும். "மனுதாரரின் விண்ணப்பத்தைப் பரிசீலித்து, இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரங்களுக்குள் சட்டப்படி முடிவெடுக்க வேண்டும்" என்று அதில் இருந்தால், அதிகாரி ஏழாவது வாரத்தில் விண்ணப்பத்தை நிராகரித்துவிட்டாலும் உத்தரவு நிறைவேறியதாகவே பொதுவாகக் கொள்ளப்படும். அந்த நிராகரிப்பை எதிர்த்துப் புதிய ரிட் மனுதான் போட வேண்டியிருக்கும். மனுதாரர்கள் பெரும்பாலும் ஏமாறும் இடம் இதுதான்.

அதே வாசகத்தின்படி, கெடு தீர்ப்பு நாளில் தொடங்குவதில்லை. நகல் போய்ச் சேர்ந்த நாளில்தான் தொடங்குகிறது. எனவே சான்றிட்ட நகலைப் பெற்றவுடன், ஒரு முகப்புக் கடிதத்துடன் அதை அலுவலகத்தின் தபால் பிரிவில் கொடுத்து, தம்மிடம் இருக்கும் பிரதியில் தேதியுடன் முத்திரை வாங்கிக்கொள்ள வேண்டும். அஞ்சலில் அனுப்பினால் ஒப்புகையைப் பத்திரப்படுத்த வேண்டும். 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், வேண்டுமென்றே கீழ்ப்படியாமல் இருப்பதையே உரிமையியல் அவமதிப்பு என்கிறது. உத்தரவே வந்து சேரவில்லை என்று எதிர்த்தரப்பு சொல்லும்போது, அந்த முத்திரைதான் பதில் சொல்லும்.

கெடு முடிந்ததும் வழக்கறிஞர் அறிவிப்பு ஒன்றை அனுப்பிப் பார்ப்பது நல்லது. பல வழக்குகள் அதிலேயே முடிந்துவிடுகின்றன. பலனில்லையென்றால், நிறைவேற்றும் பொறுப்பிலிருந்த அதிகாரியைப் பெயரும் பதவியும் குறிப்பிட்டு எதிர்மனுதாரராகச் சேர்த்து, உத்தரவு நகல், ஒப்புகை, கடிதங்கள் ஆகியவற்றைப் பிரமாணப் பத்திரத்துடன் இணைத்து மனு தாக்கல் செய்யலாம். அவமதிப்பு நடந்ததாகக் கூறப்படும் நாளிலிருந்து ஓராண்டுக்குள் இதைச் செய்துவிட வேண்டும் (பிரிவு 20). நினைவூட்டல் கடிதங்கள் எழுதிக்கொண்டே இந்த ஓராண்டைத் தொலைத்தவர்கள் உண்டு.

எல்லா உத்தரவுக்கும் அவமதிப்பு மனுதான் வழி என்பதில்லை. பணம் வசூலிப்பதற்கான தீர்ப்பாணைக்கு, அதைச் செயல்படுத்தக் கோரும் நிறைவேற்று மனுவே உரிய வழி. உரிமையியல் நீதிமன்றத்தின் இடைக்காலத் தடையாணை மீறப்பட்டால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 39, விதி 2ஏ-யின் கீழ் அந்த நீதிமன்றத்தையே அணுகலாம்.

உத்தரவுக்குக் கட்டுப்பட்டவர் அறிய வேண்டியதும் உண்டு. மேல்முறையீடு செய்துவிட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது; அந்த உத்தரவை நிறுத்திவைக்கும் தடையாணை பெற்றிருக்க வேண்டும். குறித்த காலத்துக்குள் முடிக்க இயலாதென்றால், கெடு முடியும் முன்பே காரணங்களைச் சொல்லிக் கால நீட்டிப்புக் கோருவதே பாதுகாப்பானது. அவமதிப்பு உறுதியானால் ஆறு மாதம் வரை வெறுங்காவல் (கடின உழைப்பில்லாத சிறை), ரூ.2,000 வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கப்படலாம். நீதிமன்றம் திருப்தியடையும் வகையில் மன்னிப்புக் கேட்டால் தண்டனையைக் கைவிடச் சட்டம் இடமளிக்கிறது. ஆனால் உத்தரவை நிறைவேற்றிய அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு கேட்கும் மன்னிப்புக்கு இருக்கும் மதிப்பு, வெறுங்கையோடு வந்து கேட்பதற்கு இருப்பதில்லை.