பழைய பணிஸில் ஒரு புடிங்: ஓவன் இல்லாத வீட்டுக்கும்

பிறந்தநாள் முடிந்த மறுநாள் காலை எங்கள் குசினி மேசையில் ஒரு பேக்கரிப் பை கிடக்கும். உள்ளே நாலைந்து டீ பணிஸ், யாரும் தொடாத ஒரு கிம்புலா பணிஸ், ஐசிங் காய்ந்து வெடித்த கேக் துண்டு இரண்டு. தேத்தண்ணியில் தோய்த்துத் தின்னலாம் என்றால் ஒன்று போகும், மிச்சம்? நான் பையைச் சுருட்டிக் குப்பைக் கூடைப் பக்கம் போனால் அம்மா பின்னாலிருந்து, “எறியாத மனே, மறுகா தேடுவாய்” என்பார். 2022இல் கேஸுக்கும் பால்மாவுக்கும் வரிசையில் நின்ற நாட்களுக்குப் பிறகு எனக்கும் பாணை எறியக் கை வருவதில்லை.

இந்தப் புடிங்குக்குக் கேக் அடிக்கும் மெஷின் வேண்டாம். ஓவன் வேண்டாம். மட்டக்களப்புக் கல்லடியில் எங்கள் வீட்டில் இருப்பது இரண்டு அடுப்புள்ள கேஸ் குக்கர்தான், அதிலேயே அவித்து எடுக்கிறோம். முட்டை உடைக்கத் தெரிந்தால் போதும்.

முதலில் பையைக் கொட்டிப் பாருங்கள்

டீ பணிஸ், ஜாம் பணிஸ், தேங்காய்ப்பூப் பணிஸ், வெறும் பாண், ஐசிங் சுரண்டிய கேக் எல்லாம் சேரும். கிம்புலா இருந்தால் உங்கள் அதிர்ஷ்டம். கிம்புலா என்றால் சிங்களத்தில் முதலை. வாவிக்கரையில் இருக்கும் நமக்கு முதலை புதிதில்லை, ஆனால் முதுகில் சீனி தூவிய முதலை இது ஒன்றுதான். அந்தச் சீனி புடிங்குக்குள் கரைந்து தனி ருசி தரும். கிறீம் பணிஸ் என்றால் கிறீமை வழித்து எறிந்துவிட்டு மாப்பகுதியை மட்டும் எடுங்கள். நம் வெக்கையில் ஒரு நாள் வெளியே இருந்த கிறீமை நம்ப முடியாது.

ரோல்ஸ், பற்றிஸ், மீன் பணிஸ் சேராது. இதைச் சொல்ல வேண்டுமா என்று நினைப்பீர்கள். சொல்ல வேண்டும். ஒருமுறை கரண்ட் போன இரவில் தங்கச்சியிடம் பணிஸ் வெட்டும் வேலையைக் கொடுத்தேன். பைக்குள் சீனிச்சம்பல் பணிஸ் ஒன்றும் இருந்திருக்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் டீ பணிஸ் மாதிரித்தான், உருண்டையாக, மேலே பளபளப்பாக. “பேரிலேயே சீனி இருக்கே அக்கா” என்றாள் பிறகு. வனிலாவும் மாசியும் வெங்காயமும் ஒன்றாக வெந்தால் வரும் மணத்தை நான் விவரிக்கப் போவதில்லை. அன்றிலிருந்து ஒவ்வொன்றையும் பிய்த்து உள்ளே பார்த்த பிறகுதான் கத்தி வைக்கிறேன்.

அப்புறம் பூஞ்சணம். பச்சையாகவோ வெள்ளையாகவோ ஒரு புள்ளி தெரிந்தாலும் அந்தப் பணிஸை முழுதாக எறியுங்கள். புள்ளியை மட்டும் வெட்டி எடுத்தால் போதாது, அதன் இழைகள் கண்ணுக்குத் தெரியாமல் உள்ளே ஓடியிருக்கும். இன்னொரு கேடு பலருக்குத் தெரியாது. வெளியே ஒன்றும் தெரியாது, பிய்த்தால் நடுவில் பிசுபிசுத்து நூல் நூலாக இழுக்கும், அழுகத் தொடங்கிய பழம் போல ஓர் இனிப்பு மணம் வரும். வெக்கையும் ஈரமும் கூடிய இடங்களில் பாணில் வரும் பக்டீரியா அது. அதன் வித்துகள் அடுப்புச் சூட்டுக்கும் சாகாது. அவித்தால் சரியாகிவிடும் என்று நினைக்காமல் எறிந்துவிடுங்கள், இந்த விஷயத்தில் அம்மா சொன்னாலும் கேட்க வேண்டாம்.

காய்ந்தது வேறு, பழுதானது வேறு. காய்ந்ததுதான் நமக்கு வேண்டும். புதுப் பணிஸ் பாலில் விழுந்ததும் கூழாகிவிடும். காய்ந்தது கடற்பஞ்சு போலப் பாலை உறிஞ்சிக்கொண்டும் தன் உருவத்தை விடாது. இன்னொன்று: பாண் இறுகுவது ஈரம் போவதால் மட்டும் இல்லை, உள்ளே இருக்கும் மாப்பொருள் ஆறிய பின் மெல்ல மெல்ல இறுகுவதாலும்தான். பிரிட்ஜின் குளிரில் அது வேகமாக நடக்கும். அதனால் உடனே தின்னும் பாணை பிரிட்ஜில் வைப்பது வீண் வேலை. புடிங்குக்குச் சேர்ப்பதென்றால் பிரீசரில் வையுங்கள். வாரம் முழுவதும் மிஞ்சும் ஒன்றிரண்டை ஒரு பையில் போட்டுக்கொண்டே வந்தால் ஞாயிற்றுக்கிழமை ஒரு புடிங்குக்குச் சேர்ந்துவிடும்.

எடுத்து வைக்க வேண்டியவை

ஆறு பேருக்குக் கணக்கு இது. பணிஸும் கேக்கும் சேர்த்து 300 கிராம். தராசு இல்லையென்றால் சின்ன டீ பணிஸ் ஐந்தாறு, அல்லது 450 கிராம் பாணில் மூன்றில் இரண்டு பங்கு. முட்டை 3. பால் 500 மில்லிலீற்றர். பசும்பால் கிடைக்காவிட்டால் அதே அளவு இளஞ்சூட்டுத் தண்ணீரில் 8 மேசைக்கரண்டி பால்மா கரையுங்கள். பட்டர் அல்லது மாஜரின் ஒரு மேசைக்கரண்டி, வனிலா ஒரு தேக்கரண்டி, கொஞ்சம் சாதிக்காய்த் தூள். மாஜரினில் உப்பு இருக்கும், அதனால் தனியாக உப்பு வேண்டாம். பட்டர் உப்பில்லாதது என்றால் ஒரு சிட்டிகை. பிளம்ஸும் (உலர்ந்த திராட்சை) கஜுவும் இருந்தால் ஒரு பிடி, இல்லாவிட்டாலும் ஒன்றும் குறையாது.

சீனியின் அளவைப் பணிஸ்தான் சொல்ல வேண்டும். புதிதாகச் செய்பவர்கள் பிழை விடுவது பெரும்பாலும் இங்கேதான்: வெறும் பாணுக்கு எழுதிய அளவை அப்படியே போட்டுவிட்டு, தித்திப்பில் இரண்டு கரண்டிக்கு மேல் போக முடியாமல் வைத்துவிடுவார்கள். வெறும் பாண் மட்டும் என்றால் 6 மேசைக்கரண்டி. டீ பணிஸ், ஜாம் பணிஸ் என்றால் 3. பாதிக்கு மேல் கேக் என்றால் 2 போதும். பாலில் சீனியைக் கரைத்ததும், முட்டை சேர்க்கும் முன், ஒரு கரண்டி குடித்துப் பாருங்கள். தேத்தண்ணிக்குப் போடுவதை விடச் சற்றுக் குறைவாக இருந்தால் அளவு சரி.

அடியில் ஊற்றும் பாணிக்குத் தனியாக 5 மேசைக்கரண்டி சீனி. பாணுக்குப் பாணி. பாண் போர்த்துக்கேயர் விட்டுப்போன சொல், குசினியும் அப்படித்தான். பாணி நம்முடையது. இரண்டும் ஒரே சட்டியில் சேர்வது எனக்கு ஏனோ பிடித்திருக்கிறது.

வெட்டிக் காயவைத்தல்

ஒரு அங்குலத் துண்டுகளாக வெட்டுங்கள். கையால் பிய்த்தால் இன்னும் நல்லது, கரடுமுரடான பக்கம் பாலை நன்றாகப் பிடிக்கும். பணிஸ் இன்னும் மெத்தென்று இருந்தால் ஒரு தட்டில் பரப்பி, மெல்லிய துணி போட்டு மூடி, மத்தியான வெயிலில் ஒரு மணி நேரம் வையுங்கள். துணி இலையானுக்கு, காகத்துக்குத் துணி போதாது, பக்கத்தில் ஆள் வேண்டும். மார்கழி மழைக்காலத்தில் வெயிலை எங்கே தேடுவது? அப்போது தாச்சியை அடுப்பில் வைத்து, எண்ணெய் விடாமல், சின்னத் தீயில் பத்து நிமிடம் பிரட்டினால் போதும்.

பாணி காய்ச்சுதல்

அவிக்கும் பாத்திரம் கேக் தட்டாகவும் இருக்கலாம், ஆழமான சில்வர் கோப்பையாகவும் இருக்கலாம். முதலில் ஒரு சின்னத் தாச்சியில் அந்த 5 கரண்டி சீனியோடு ஒரு மேசைக்கரண்டி தண்ணீர் விட்டு நடுத்தரத் தீயில் வையுங்கள். கரண்டி போட்டுக் கிண்டக் கூடாது, கிண்டினால் சீனி திரும்பவும் கட்டியாகும். தாச்சியின் பிடியைப் பிடித்து மெதுவாகச் சுழற்றுங்கள். முதலில் தண்ணீர் போல இருக்கும், பிறகு பெரிய குமிழிகள் வரும், ஓரத்தில் ஒரு மஞ்சள் வளையம் தெரியும். அங்கிருந்து கண்ணை எடுக்காதீர்கள். மஞ்சள் தேன் நிறமாகி, தேன் நிறம் பிளேன்ரீ நிறமாவதற்கு ஒரு நிமிடம்கூட எடுக்காது. பிளேன்ரீ நிறத்தில் தூக்கி உடனே கோப்பையில் ஊற்றி, துணியால் பிடித்துச் சரித்து அடி முழுக்கப் படரவிடுங்கள். கோப்பையும் கொதிக்கும், பாணி தோலில் பட்டால் ஒட்டிக்கொண்டு சுடும், அதனால் சின்னப் பிள்ளைகளை இந்த நேரத்தில் குசினிக்குள் விடாதீர்கள். கறுத்துப் புகை வந்துவிட்டால் அது கசக்கும், அதை எறிந்துவிட்டுப் புதுசாகத் தொடங்குவதே மேல்.

ஆறும்போது பாணி சடசடவென்று வெடிக்கும். பயப்பட ஒன்றுமில்லை. ஆறிய பிறகு பக்கங்களில் மட்டும் பட்டர் பூசுங்கள், மிச்சப் பட்டரைத் துண்டுகளுக்கு மேல் உருக்கி விடலாம்.

பாலும் முட்டையும்

முட்டையை வேறொரு கோப்பையில் உடைத்து முள்ளுக்கரண்டியால் அடியுங்கள். நுரை பொங்க அடிக்க வேண்டாம், வெள்ளையும் மஞ்சளும் கலந்தால் சரி. நுரை கூடினால் புடிங் முழுக்க ஓட்டை விழும். சீனி கரைத்த பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கலக்குங்கள். பால் இளஞ்சூட்டுக்கு மேல் இருக்கக் கூடாது, விரலை வைத்துப் பத்து எண்ண முடிய வேண்டும். பொறுமையில்லாமல் நான் ஒருநாள் கொதிபாலை ஊற்றி, இனிப்பு முட்டைப் பொரியல் ஒன்று கண்டுபிடித்தேன். வனிலாவும் சாதிக்காயும் சேர்த்து, தேயிலை வடியால் ஒருமுறை வடித்துவிடுங்கள். முட்டை மணம் பிடிக்காதவர்கள் வீட்டில் இருந்தால் தேசிக்காய்த் தோலின் பச்சைப் பகுதியை மட்டும் கொஞ்சம் துருவிப் போடுங்கள்.

பாணியின் மேல் துண்டுகளை அடுக்கி, இடையிடையே பிளம்ஸும் கஜுவும் தூவி, பாற்கலவையைச் சுற்றிவர ஊற்றுங்கள். கரண்டியின் பின்பக்கத்தால் மெல்ல அழுத்திவிட்டு அரை மணி நேரம் பேசாமல் இருங்கள். உடனே அடுப்பில் ஏற்றினால் பால் ஒரு பக்கம், பணிஸ் ஒரு பக்கம் என்று பிரிந்து நிற்கும். ஒரு துண்டை எடுத்துப் பிய்த்துப் பாருங்கள், நடுவில் காய்ந்த வெள்ளை தெரியக் கூடாது. கேக் சீக்கிரம் ஊறும், கிம்புலாவின் வால் கடைசியாகத்தான் ஊறும்.

அவித்தல்

பெரிய சட்டியில் இரண்டு அங்குலம் தண்ணீர் விட்டு, உள்ளே ஒரு சின்னக் கிண்ணத்தைக் கவிழ்த்து, தண்ணீர் கொதித்ததும் அதன் மேல் புடிங் கோப்பையை ஆடாமல் வையுங்கள். இடியப்பம் அவிக்கும் ஸ்டீமர் இருந்தால் இந்தச் சோலி இல்லை. தீயைக் குறைத்துவிடுங்கள்.

மூடியில்தான் ஒரு நுட்பம் இருக்கிறது. என்னோடு வேலை செய்யும் காத்தான்குடி ராத்தா ஒருவர் பெருநாளுக்கு வட்டிலப்பம் அவிப்பதில் கெட்டிக்காரி. என் புடிங்கின் மேலே எப்போதும் தண்ணீர் தேங்கி நிற்கிறது என்று சொன்னதும் சிரித்தார். “மூடியில துவாயக் கட்டுங்க புள்ள, இல்லாட்டி புடிங்குக்கு மேல மழ பெய்யும்” என்றார். அவ்வளவுதான். சுத்தமான துவாயை மூடியின் உட்பக்கமாகச் சுற்றி, நுனிகளை மேலே இழுத்து முடிச்சுப் போடுங்கள், தொங்கவிட்டால் தீப்பிடிக்கும். ஏறும் ஆவியைத் துவாய் குடித்துக்கொள்ளும்.

சின்னத் தீயில் 45 நிமிடம். 35 நிமிடத்தில் ஒருமுறை திறந்து, நடுவில் கத்தி விட்டுப் பாருங்கள். பால் ஒட்டாமல் வந்தால் வெந்துவிட்டது. கோப்பையை அசைத்தால் நடு கொஞ்சம் தளும்ப வேண்டும், ஆறும்போது அதுவும் இறுகும். தீயைக் கூட்டிச் சீக்கிரம் முடிக்கப் பார்த்தால் முட்டை அளவுக்கு மேல் இறுகித் தண்ணீர் விட்டுவிடும், ருசியும் ரப்பர் போலாகும். ஓவன் உள்ளவர்கள் ஒரு தட்டில் கொதிநீர் விட்டு, அதற்குள் கோப்பையை வைத்து, 170 பாகையில் 40 முதல் 45 நிமிடம் வைத்தால் மேற்பக்கம் மொறுமொறுப்பாக வரும்.

கவிழ்த்தல்

அரை மணி நேரம் ஆறவிட்டு, ஓரத்தில் கத்தியை ஓட்டி, மேலே ஒரு பெரிய பீங்கான் தட்டை வைத்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒரே திருப்பாகத் திருப்புங்கள். தயங்கினால்தான் உடையும். வராவிட்டால் கோப்பையின் அடியை ஒரு நிமிடம் சுடுதண்ணீரில் வையுங்கள், பாணி இளகி விட்டுக்கொடுக்கும்.

வெள்ளிக்கிழமை முட்டை படாத வீடுகளில் அவிக்கிற வேலையே இல்லை. 500 மில்லிலீற்றர் பாலில் 4 மேசைக்கரண்டி கஸ்ரட் பவுடரும் சீனியும் போட்டுக் காய்ச்சி, கெட்டியானதும் வெறும் பாண் துண்டுகளின் மேல் ஊற்றி மூன்று மணி நேரம் பிரிட்ஜில் வைத்தால் முடிந்தது. பவுடர் பெட்டியில் முட்டை சேராதது என்று இருக்கிறதா என ஒருமுறை பாருங்கள். பாலுக்குப் பதில் கட்டித் தேங்காய்ப்பாலும், சீனிக்குப் பதில் கித்துள் கருப்பட்டியும், கொஞ்சம் ஏலக்காயும் போட்டு முட்டையோடு அவித்தால் அது வட்டிலப்பத்துக்குச் சின்னம்மா மகள் மாதிரி ஒன்று. ராத்தாவிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். “நல்லாத்தான் இருக்கு, ஆனா இதுக்கு வட்டிலப்பம்னு பேர் வச்சிராதீங்க” என்றார்.

மிஞ்சினால் மூடி பிரிட்ஜில் வையுங்கள், இரண்டு நாளுக்குள் முடித்துவிடுங்கள். வெளியே இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைக்க வேண்டாம், பாலும் முட்டையும் நம் வெக்கைக்குத் தாங்காது. கோப்பையில் இறுகிப் பிடித்த பாணியைச் சுரண்ட வேண்டாம், கொதிநீர் ஊற்றி வைத்தால் தானே கரையும்.