சேப்பாக்கத்தில் பின்வாங்கிய பந்து

விளையாட்டுச் சேனல் ஒன்றின் டேப் லைப்ரரியில் எனக்கு வேலை. ஒருநாள் இந்தியாவும் ஆஸ்திரேலியாவும் ஆடி, ஸ்கோர் சமனில் முடிந்த 1986 சேப்பாக்கம் 'டை' டெஸ்ட்டின் கடைசி ஓவரைக் கேட்டார்கள். கிரெக் மேத்யூஸ் பந்தில் மணிந்தர் சிங் எல்பிடபிள்யூ ஆகும் அந்த இடம்.

ஸ்லோமோஷனில் ஓட்டினால் பந்து கொஞ்சம் முன்னால் போய், பின்வாங்கி, மறுபடி முன்னால் போகிறது! டேப்தான் போச்சு என்று பிளேயர் ஹெட்டை இரண்டு முறை துடைத்தேன். பிரயோஜனமில்லை. பாதி நாள் அதிலேயே போனது.

அப்புறம்தான் உறைத்தது. இந்தியத் தொலைக்காட்சியில் பயன்பட்ட பால் (PAL) முறை வீடியோவில் (குடிக்கிற பால் இல்லை) நொடிக்கு 25 ஃபிரேம், அதாவது 25 முழுப் படம். ஒவ்வொரு ஃபிரேமும் இரண்டு ஃபீல்டு, அதாவது இரண்டு பாதிப் படம்: ஒன்றுவிட்ட வரிகள் முதலில், மீதி வரிகள் கணநேரம் கழித்து. எங்களிடம் இருந்தது டிவிகேம் (DVCAM) என்ற டிஜிட்டல் டேப் பிரதி. அதில் கீழ் ஃபீல்டு (இரண்டாவது வரியில் தொடங்கும் பாதி) முதலில் வரும். எடிட்டிங் மென்பொருளோ மேல் ஃபீல்டு முதல் என்று எடுத்துக்கொண்டிருந்தது. பின்னால் வரவேண்டிய பாதி முன்னால் வந்து, நேரமே முன்பின்னாகிவிட்டது.

கிளிப் செட்டிங்கில் 'லோயர் ஃபீல்டு ஃபர்ஸ்ட்' என்று மாற்றினேன். பந்து ஒழுங்காகப் போய் பேடில் பட்டது. இப்போதெல்லாம் புது கிளிப் ஏற்றியதும் முதலில் பந்து பறக்கும் இடத்தைத்தான் மெதுவாக ஓட்டிப் பார்க்கிறேன். ஆட்கள் சும்மா நிற்கும் காட்சியில் இந்தக் கோளாறு கண்ணில் படாது.