ஊரில் மச்சான் நாலு ஓட்டில் தோற்றால் எந்தக் கோர்ட்டுக்குப் போவது?

பினாங்கு லைட் தெருப் பக்கம் ஒரு வக்கீல் ஆபீஸில் எனக்குக் கிராணி (குமாஸ்தா) வேலை. சாப்பாட்டுக் கடைகளில் வேலை பார்க்கும் ராமநாதபுரம், புதுக்கோட்டைப் பிள்ளைகள் சம்பளத் தகராறோடு வருவார்கள். கூடவே ஊர்த் தகராறும் வரும். "அண்ணே, மச்சான் பிரசிடெண்ட் எலெக்‌ஷன்ல நாலு ஓட்டுல போயிட்டாரு. மதுரை ஐகோர்ட்டுல ஸ்டே வாங்கிரலாமா?"

வாங்க முடியாது என்று வைத்துக்கொள்ளுங்கள். இந்திய அரசியல் சட்டத்தின் 243-ஓ பிரிவு ஊராட்சித் தேர்தலைத் தேர்தல் மனு மூலமாக மட்டுமே எதிர்க்கலாம் என்கிறது. இந்த வழக்கத்துக்கு வேரே தமிழ்நாட்டில்தான். நாமக்கல் சட்டமன்றத் தொகுதியில் வேட்புமனு தள்ளுபடியான பொன்னுசாமி உச்ச நீதிமன்றம் வரை போனார். தேர்தல் ஓடும்போது கோர்ட் குறுக்கே வராது, எல்லாம் முடிந்தபின் தேர்தல் மனுவில் சொல் என்று 1952 ஜனவரியில் தீர்ப்பானது. விலக்கு உண்டு: 2016 அக்டோபரில் தமிழ்நாட்டு உள்ளாட்சித் தேர்தல் அறிவிக்கையையே சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. ஆனால் அங்கே அறிவிக்கையிலேயே கோளாறு. மச்சானின் நாலு ஓட்டு அந்தக் கணக்கில் வராது.

அப்படியானால் வழக்கு எங்கே தொடங்குகிறது? வாக்கு எண்ணும் மேசையில். ஊரகத் தேர்தலில் நாலு பதவிக்கு நாலு நிறச் சீட்டு, தலைவருக்கு இளஞ்சிவப்பு. எல்லாம் ஒரே பெட்டியில் கிடப்பதை நிறம் பார்த்துப் பிரித்துக் கட்டுக் கட்டி எண்ணுவார்கள். தூக்கக் கலக்கத்தில் நம் வேட்பாளரின் முகவர் டீ குடிக்கப் போகும் நேரத்தில்தான் கட்டு இடம் மாறும். இரண்டு சின்னத்துக்கும் நடுக்கோட்டில் முத்திரை விழுந்த சீட்டு யார் பக்கம் போனது, செல்லாதவை எத்தனை என்பதை நோட்டில் எழுதச் சொல்லுங்கள். சந்தேகம் வந்தால், முடிவை அறிவிக்கும் முன்பே மறு எண்ணிக்கை கேட்டுத் தேர்தல் நடத்தும் அலுவலரிடம் காரணத்தோடு எழுதிக் கொடுத்து, நகலில் கையெழுத்து வாங்க வேண்டும். வாயால் கத்தியதற்குக் கோர்ட்டில் மதிப்பில்லை. இந்த ஒரு தாள் இல்லாமல் போனவர்கள்தான் அதிகம்.

அப்புறம் மனு. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் 1994, பிரிவு 258: முடிவு வெளியான நாளிலிருந்து 45 நாளுக்குள் மாவட்ட நீதிபதியிடம் தாக்கல் செய்ய வேண்டும். தாமதத்தை மன்னிப்பார்கள் என்று நம்பி உட்காராதீர்கள். "முறைகேடு நடந்தது" என்று பொதுவாக எழுதினால் நிற்காது. எந்த வார்டு, எந்த மேசை, எத்தனை சீட்டு, அதனால் முடிவு எப்படி மாறியது என்று எழுத வேண்டும். சும்மா கேட்டால், வாக்கு ரகசியம் என்று சொல்லி மறு எண்ணிக்கைக்குக் கோர்ட் இணங்காது. தேர்தல் செல்லாது என்று மட்டும் கேட்கிறீர்களா, மச்சானே ஜெயித்ததாக அறிவிக்கச் சொல்கிறீர்களா? இரண்டாவது என்றால் மற்ற வேட்பாளர்களையும் எதிர்மனுதாரராகச் சேர்ப்பதுதான் பாதுகாப்பு.

பொறுமையும் வேண்டும். ஹரியானாவின் புவானா லாக்கு கிராமத்தில் 2022 நவம்பரில் தேர்தல். ஒரே ஒரு வாக்குச்சாவடிக் கணக்கில் சிக்கல். உச்ச நீதிமன்றம் வாக்கு இயந்திரங்களை வரவழைத்து எண்ணியபோது தோற்றதாக அறிவிக்கப்பட்டவருக்கு 1051, ஜெயித்ததாக அறிவிக்கப்பட்டவருக்கு 1000! உண்மையில் ஜெயித்தவர் பதவிக்கு வரும்போது 2025 ஆகஸ்ட். ஐந்து வருடப் பதவியில் பாதிக்கு மேல் போய்விட்டது.

மலேசியாவில் எங்களுக்கு உள்ளாட்சித் தேர்தலே இல்லாததால் இந்தத் தலைவலியே கிடையாது, சந்தோஷப்படவும் முடியவில்லை. ஜார்ஜ் டவுனில் 1951இலேயே நகராட்சித் தேர்தல் நடந்தது; 1965இல் நாடு முழுக்க நிறுத்தினார்கள். மீட்கப் பார்த்த பினாங்கு மாநிலச் சட்டமும் 2014இல் இந்நாட்டின் உச்ச நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றத்தில் தோற்றது.

சரி, இங்கிருந்து நீங்கள் என்ன செய்யலாம்? மனுவில் கையெழுத்துப் போட வேண்டியவர் ஊரில் இருக்கிற வேட்பாளர். அவர் பின்வாங்கினால் அந்த ஊர் வாக்காளர் ஒருவர். உங்கள் வேலை, முடிவு வந்த இரவே போன் போட்டு மறு எண்ணிக்கை கேட்ட நகலும் எண்ணிக்கை நோட்டும் பத்திரமாக இருக்கிறதா என்று கேட்பது. வக்கீல் பீஸ் அனுப்பினால், மனு எண் விழுந்த நகலை வாட்ஸ்அப்பில் வாங்கிவிட்டு மிச்சத்தை அனுப்புங்கள்.