கயோட்டி பிரஷ் வாங்கும் முன் பூவைப் பாருங்கள்

கலிஃபோர்னியாவில் வீடு வைத்திருப்பவர்களுக்கு ஒரு குறிப்பு. சரிவான இடத்தில் மண் அரிக்காமல் இருக்க, அந்த ஊர் மண்ணுக்கே உரிய கயோட்டி பிரஷ் புதரை நடலாம். சூரியகாந்திக் குடும்பம்தான், ஆனால் பூ மிகச் சிறியது.

இதில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. ஆண் பூ இளமஞ்சளாக, குட்டையான தூரிகை போல இருக்கும். பெண் செடியில் பூ முற்றியதும் வெள்ளைப் பஞ்சு கிளம்பும். காற்றடித்தால் வாசல், ஜன்னல் வலை எல்லாம் அதுதான். அதனால் நடைபாதை ஓரத்துக்கு 'பிஜன் பாயின்ட்' என்ற ரகத்தைக் கேளுங்கள். தரையோடு படரும், ஆண் செடி, பஞ்சு கிடையாது. தோட்டத்தின் கடைசியில் இடமிருந்தால் ஒரு பெண் செடியும் வையுங்கள். பூத்து நிற்கும்போது அவ்வளவு அழகு!

நடுவதற்கு இலையுதிர் காலம் நல்லது, மழை பார்த்துக்கொள்ளும். படரும் ரகமென்றால் 6 அடி இடைவெளி விடுங்கள், நெருக்காதீர்கள். முதல் கோடையில் மட்டும் அவ்வப்போது ஆழமாகத் தண்ணீர் விடுங்கள். வேர் பிடித்த பிறகு அதிகம் கேட்காது. குளிர்காலக் கடைசியில் காய்ந்த பழைய குச்சிகளை வெட்டி எடுத்துவிடுங்கள். இலையில் பிசின் உண்டு, விரலில் ஒட்டும். காய்ந்த கட்டை தீக்கு இரை. அப்புறம், வேறு பூக்கள் அருகிப்போன அக்டோபரிலும் தேனீக்கள் இதைத் தேடி வரும். அந்த நேரத்தில் மருந்து அடிக்கவே வேண்டாம்.