செம்புத் தகட்டில் ஒரு குட்டிச் செம்பனைத் தோட்டம்

மலேசியாவில் எங்கள் சுங்கை சிப்புட் பக்கம் செம்பனையை, அதாவது எண்ணெய்ப் பனையை, முக்கோணமாகத்தான் நடுவார்கள். கன்றுக்குக் கன்று சுமார் 9 மீட்டர், ஹெக்டேருக்கு 140 மரம் போல வரும். அதற்குக் கயிறு வேண்டும், முளைக்குச்சி வேண்டும், கத்துவதற்கு ஒருவர் வேண்டும். சுத்தமான தங்கத்தின் மேல் கந்தகத் தலை உள்ள தயோல் மூலக்கூறுகளை விட்டால் அவையும் முக்கோணமாகவே நிற்கின்றன. இடைவெளி சுமார் 0.5 நானோமீட்டர், கயிறு பிடிக்க ஆளே இல்லை. கந்தகச் சேர்மங்கள் தங்கத்தில் இப்படித் தாமாகவே அடுக்காவதை 1983இல் நுஸ்ஸோ, அலாரா என்ற இரண்டு வேதியியலாளர்கள் வெளியிட்டார்கள்.

சரி, தங்கத்துக்கு எங்கே போவது? இப்படித் தாமாகவே நிற்கும் ஒரு மூலக்கூறு அடுக்கைச் செம்பில் செய்து பார்ப்போம்.

தேவையானவை: ஏர்கோன் பொருத்துபவரிடம் கேட்டால் கிடைக்கும் செம்புக் குழாய்த் துண்டு (பிளந்து தட்டையாக்கிக் கொள்ளுங்கள்), சோப்பு செய்வோர் வாங்கும் ஸ்டியரிக் அமிலம், 99 சதவீத ஐசோபுரோப்பைல் ஆல்கஹால், புளி, உப்பு. கடையில் ஸ்டியரிக் என்று விற்பதில் பெரும்பாலும் பால்மிடிக் அமிலமும் கலந்திருக்கும். பால்மிடிக் என்ற பெயரே செம்பனை எண்ணெயிலிருந்து (பாம் ஆயில்) வந்ததுதான். நமக்கு இரண்டும் ஒன்றே.

முதலில் தகட்டைப் பாத்திரச் சோப்பால் கழுவுங்கள். அப்புறம் புளியும் உப்பும் போட்டு, குத்துவிளக்கு தேய்ப்பது போலத் தேய்த்து அலசுங்கள். தண்ணீர் முத்து முத்தாக நிற்காமல் விரிந்து ஓடினால் தகடு சுத்தம். இதற்குமேல் விரல் படக்கூடாது, ஓரத்தை மட்டும் பிடியுங்கள். நான் முதல் தடவை நடுவில் கட்டைவிரலை வைத்துவிட்டேன். ரேகை உட்பட எல்லாம் பதிந்து, அந்த இடம் கடைசிவரை திட்டுத்திட்டாகவே இருந்தது. வேலையில் பாதி இந்தச் சுத்தம்தான்.

100 மில்லி ஆல்கஹாலில் இரண்டு சிட்டிகை அமிலம் போடுங்கள். கரையாவிட்டால் பாட்டிலை மூடியைத் தளர்த்தி வெந்நீர்க் கிண்ணத்தில் வையுங்கள். அடுப்புப் பக்கமே போகாதீர்கள், ஆல்கஹால் ஆவி குப்பென்று பிடித்துக்கொள்ளும். சன்னலும் திறந்திருக்கட்டும்.

தகட்டை 10 நிமிடம் முக்கி வையுங்கள். காற்று பட்டதும் செம்பின்மேல் மெல்லிய ஆக்சைடு வந்துவிடும். மூலக்கூறின் அமிலத் தலை அதைப் பற்றிக்கொள்ளும். 16, 18 கார்பன் நீளமுள்ள வால்கள் பக்கத்து வால்களோடு ஒட்டி நிமிரும். தங்கத்தில் காணும் ஒழுங்கை இந்தக் கரடுமுரடான தகட்டில் எதிர்பார்க்காதீர்கள், ஆனால் தண்ணீரோடு ஒட்டாத இந்த வால்கள் வெளிப்பக்கம் பார்த்து நிற்பது நடக்கும். இராத்திரி முழுக்க ஊறவிட்டால் நல்லது என்று நினைக்க வேண்டாம். செம்பு கரைந்து அமிலத்தோடு சேர்ந்து, பச்சை நீலமாகச் சோப்பு போலப் படியும்.

எடுத்ததும் புதிய ஆல்கஹாலில் இரண்டு முறை அலசுங்கள். இதை விட்டுவிட்டால் நீங்கள் பார்ப்பது வெறும் மெழுகுப் பூச்சு. அலசினால் சும்மா மேலே கிடந்தவை போய்விடும், செம்பைப் பற்றியவை தங்கும்.

உலர்ந்ததும் ஒரு சொட்டுத் தண்ணீர் விடுங்கள். சேப்பங்கிழங்கு இலையில் நிற்கிற அளவுக்கு உருளாது, ஆனால் முன்பு விரிந்த தண்ணீர் இப்போது குமிழாக எழும்பி நிற்கும். அந்த மாற்றத்தைச் செய்த அடுக்கின் தடிமன் சில நானோமீட்டர்தான். பாதித் தகட்டை உப்புத்தாளால் தேய்த்துவிட்டு, எல்லைக்கோட்டில் இன்னொரு சொட்டு விடுங்கள். தேய்த்த பக்கமாகவே அது சாயும்.