வாயுக்கள் பற்றிய கலைக்களஞ்சியக் கட்டுரைக்குக் கருத்துரை எழுதும் முறை

தமிழ் விக்கிப்பீடியா போன்ற கலைக்களஞ்சியமொன்றில் அறிவியல் கட்டுரையை வாசித்துவிட்டு, "பிழைகள் உள்ளன" என்று மட்டும் எழுதிச் செல்வதால் கட்டுரையாளருக்கு ஒரு பயனும் இல்லை. எந்த வசனம், என்ன பிழை, அதற்கு என்ன சான்று, எப்படித் திருத்தலாம் ஆகிய நான்கும் கருத்துரையில் இருந்தால், அவர் ஒரே அமர்வில் திருத்திவிடுவார். வெள்ளவத்தையில் உயர்தர மாணவர்களுக்கு இரசாயனவியல் கற்பிக்கும் நான், அவர்களுடன் வாயுக்கள் பற்றிய கட்டுரைகளை வாசிக்கும்போது கைக்கொள்ளும் முறை இது.

முதலில், குறிப்பு எதுவும் எடுக்காமல் கட்டுரையை முழுமையாக வாசியுங்கள். முன்பந்தியில் காணாத விடயம் பின்னால் இருக்கக்கூடும்.

இரண்டாவதாக, எண்களைச் சரிபாருங்கள். அதிக நேரம் செலவிட வேண்டிய படி இதுவே. "நியம நிலையில் ஒரு மூல் வாயுவின் கனவளவு 22.4 லீற்றர்" என்ற வசனத்தை (மூல் என்பது பொருளின் அளவைக் குறிக்கும் அலகு; நியம நிலை என்பது ஒப்பீட்டுக்காக ஏற்றுக்கொண்ட வெப்பநிலையும் அமுக்கமும்) ஒருமுறை வாசித்தபோது, "சேர், இது எந்த அமுக்கத்தில்?" என்று ஒரு மாணவி கேட்டார். மிகச் சரியான கேள்வி. இலட்சிய வாயுச் சமன்பாட்டின்படி வாயு மாறிலியான 8.314ஐ வெப்பநிலையான 273.15 கெல்வினால் (0 பாகை செல்சியஸ்) பெருக்கி, அமுக்கமான 101325 பஸ்காலால் வகுத்தால் 0.0224 கனமீற்றர், அதாவது 22.4 லீற்றர் வரும். ஆனால் 1982 முதல் சர்வதேச இரசாயனவியல் ஒன்றியம் நியம அமுக்கமாகக் கொள்வது 100000 பஸ்காலை. அந்த எண்ணால் வகுத்தால் 22.7 லீற்றர் கிடைக்கும். 30 பாகை செல்சியசில் இருக்கும் கொழும்பு வகுப்பறையிலோ, ஒரு வளிமண்டல அமுக்கத்தில் (101325 பஸ்கால்) அதே ஒரு மூல் ஏறத்தாழ 24.9 லீற்றரை அடைத்துக்கொள்ளும். ஆகவே 22.4 என்பது பிழையன்று; அமுக்கத்தைக் கூறாமல் விட்டதே குறை.

மூன்றாவதாக, ஆண்டுகளையும் பெயர்களையும் பாருங்கள். சாள்சின் விதியை (மாறா அமுக்கத்தில் வாயுவின் கனவளவு அதன் கெல்வின் வெப்பநிலைக்கு நேர்விகிதசமன்) 1787இல் பிரெஞ்சு அறிவியலாளர் சாள்சே வெளியிட்டார் என்று எழுதியிருந்தால் அதைச் சுட்டிக்காட்ட வேண்டும். அவர் தம் ஆய்வை வெளியிடவில்லை. 1802இல் அவ்விதியை வெளியிட்ட பிரெஞ்சு இரசாயனவியலாளர் கேலூசாக் அவருடைய பெயரைக் குறிப்பிட்டதாலேயே அது அவர் பெயரில் வழங்குகிறது.

அடுத்தது கலைச்சொல். இலங்கையில் நாம் ஒட்சிசன், அமுக்கம், கனவளவு என்கிறோம். தமிழ்நாட்டில் ஆக்சிஜன், அழுத்தம், கன அளவு என்பார்கள். இவற்றைப் பிழையென்று எழுதுவது இரு கரையிலும் உள்ள வாசகர்களுக்குச் செய்யும் அநீதி என்றே கருதுகிறேன். முதன்முறை வரும் இடத்தில் இரு சொற்களையும் தருமாறு கேட்டுக்கொண்டால் போதுமானது.

இனி, கட்டுரையின் உரையாடல் பக்கத்தில் (கட்டுரை பற்றி வாசகர்கள் கருத்து எழுதும் பக்கம்) ஒரு பிழைக்கு ஒரு பந்தியாக எழுதுங்கள்:

"மூலர்க் கனவளவு பற்றிய பந்தியின் முதல் வசனத்தில் 22.4 லீற்றர் என்று உள்ளது, அமுக்கம் குறிப்பிடப்படவில்லை. '0 பாகை செல்சியசிலும் 101325 பஸ்காலிலும் 22.4 லீற்றர்; 100000 பஸ்காலில் 22.7 லீற்றர்' என்று மாற்றலாம். கணிப்பைக் கீழே தந்துள்ளேன்."

சான்றாக நூலைக் காட்டினால் பக்க எண்ணையும் தாருங்கள். கையொப்பமிட்டு, சில நாட்களின் பின் மறுபடி சென்று பாருங்கள். கட்டுரையாளர் உங்களிடம் திருப்பிக் கேள்வி கேட்டிருக்கலாம்.